12 வெற்றிகளும் ஒரு சனிக்கிழமை இரவும்: 1974 ஏசிசி கூடைப்பந்து சீசன்

1974 மார்ச் 9, சனிக்கிழமை இரவு. கிரீன்ஸ்பரோ அரங்குக்கு வெளியே நார்த் கரோலினா ஸ்டேட் அணியின் பஸ் கிளம்பத் தயாராக நிற்கிறது. கூடுதல் நேரம் வரை போராடி 103-100 என்று ஜெயித்த பையன்கள் உள்ளே உட்கார்ந்திருக்கிறார்கள். அப்போது பஸ்ஸில் ஏறியவர் எதிரணிப் பயிற்சியாளர் லெஃப்டி ட்ரிசெல். நெட்டையான உருவம், வழுக்கைத் தலை, ஆட்டம் நடக்கும்போது தரையைக் காலால் உதைத்துக் கத்துகிற ஆள். அவருடைய மேரிலாந்து அணியின் சீசனை அந்தப் பையன்கள்தான் சற்றுமுன் முடித்துவைத்திருந்தார்கள். அவர் அவர்களைப் பாராட்டினார், போய் தேசியக் கோப்பையையும் வாங்கிவிடுங்கள் என்று வாழ்த்தினார், இறங்கிப் போனார்.

மேரிலாந்து அன்றைக்கு நாட்டின் தரவரிசையில் 4-ம் இடம். அந்தப் பருவம் முழுக்க அது தோற்றது 5 ஆட்டம்தான். ஆனாலும் தேசியப் போட்டிக்குள் நுழைய அதற்கு ஒரு கதவுகூடத் திறந்திருக்கவில்லை. இந்த ஆட்டத்தை அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்தின் மிகச் சிறந்த ஆட்டங்களில் ஒன்று என்று இன்றும் கொண்டாடுகிறார்கள். நியாயமான கொண்டாட்டம்தான். ஆனால் அந்த ஆட்டத்தை அப்படி ஆக்கியது, ஆடியவர்களின் திறமை பாதி என்றால், ஒரு மோசமான விதி மறு பாதி. நான் இங்கே பிரித்துப் பார்க்க நினைப்பது அந்த மறு பாதியை.

ஒரு கான்ஃபரன்ஸ், ஒரு சீட்டு

அமெரிக்கக் கல்லூரி விளையாட்டில் கான்ஃபரன்ஸ் என்பது, பல்கலைக்கழகங்கள் சில கூடி அமைத்துக்கொண்ட கூட்டமைப்பு. தங்களுக்குள் லீக் ஆடுவார்கள், சாம்பியனைத் தீர்மானிப்பார்கள், அந்தச் சாம்பியன், கல்லூரி விளையாட்டின் தேசிய அமைப்பான என்சிஏஏ நடத்தும் தேசியப் போட்டிக்குப் போகும். அட்லாண்டிக் கோஸ்ட் கான்ஃபரன்ஸ், சுருக்கமாக ஏசிசி, 1953-ல் தொடங்கியது. 1974-ல் அதில் 7 அணிகள்: நார்த் கரோலினா ஸ்டேட், நார்த் கரோலினா, டியூக், வேக் ஃபாரஸ்ட், மேரிலாந்து, வர்ஜீனியா, கிளெம்சன். முதல் நான்கும் ஒரே மாநிலத்தில், ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குக் காரில் கிளம்பினால் மதியச் சாப்பாட்டுக்குப் போய்விடலாம் என்கிற தூரத்தில். பங்காளிச் சண்டைக்கு வேறென்ன வேண்டும்?

ஒவ்வொரு அணியும் மற்ற 6 அணிகளோடு இருமுறை மோதும், ஒன்று சொந்த ஊரில், ஒன்று வெளியூரில். மொத்தம் 12 ஆட்டம். இதுவரை எல்லாம் ஒழுங்கு. அடுத்ததில்தான் சிக்கல். பெரும்பாலான கான்ஃபரன்ஸ்கள் பட்டியலில் முதலிடம் பிடித்த அணியையே சாம்பியனாக அனுப்பின. ஏசிசி அப்படிச் செய்யவில்லை. லீக் முடிந்த பிறகு மார்ச் மாதத்தில் 3 நாள் நாக் அவுட் போட்டி. அதை ஜெயிக்கிற அணிதான் சாம்பியன், அதற்குத்தான் தேசியப் போட்டிச் சீட்டு. என்சிஏஏயோ ஒரு கான்ஃபரன்ஸிலிருந்து ஒரே அணியைத்தான் சேர்த்துக்கொண்டது. அந்த ஆண்டு தேசியப் போட்டியில் மொத்தமே 25 அணிகள்.

ஆக, மார்ச் தொடக்கம் வரை ஆடிய 12 ஆட்டமும் எதற்கு? நாக் அவுட்டில் யாருக்கு எதிராக யார் என்று வரிசைப்படுத்துவதற்கு. முதலிடத்துக்கு ஒரு சலுகை உண்டு: முதல் சுற்று ஆட வேண்டாம், நேரே அரையிறுதி. அவ்வளவே. ஐபிஎல் பார்க்கிறவர்களுக்குத் தெரியும், முதல் இரண்டு இடத்துக்கு ஒரு தோல்வி மன்னிக்கப்படும். இங்கே முதலிடத்துக்குக் கிடைத்தது ஒரு ராத்திரி ஓய்வு.

ஏன் இப்படி வைத்தார்கள் என்றால், 3 நாளும் அரங்கு நிரம்பும், காசு வரும், பட்டியலின் கடைசியில் கிடக்கிற அணிக்கும் மார்ச்சில் ஒரு நப்பாசை இருக்கும். கடைசிக் காரணத்தை நான் முழுதாக ஒதுக்க மாட்டேன். ஆனால் 1970-ல் நடந்ததைப் பாருங்கள். அப்போது ஏசிசியில் சவுத் கரோலினாவும் இருந்தது. லீக்கில் 14 ஆட்டத்தில் 14 வெற்றி. நாக் அவுட் இறுதியில், பயிற்சியாளர் நார்ம் ஸ்லோனின் நார்த் கரோலினா ஸ்டேட் பந்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு ஆட்டத்தை இழுத்தடித்தது. ஷாட்டுக்குக் கால வரம்பு இல்லாத காலம் அது. இரண்டு கூடுதல் நேரங்களுக்குப் பிறகு 42-39, ஸ்டேட் வெற்றி. அந்த வருடம் தேசியப் போட்டியின் கிழக்கு மண்டலச் சுற்று நடந்ததே சவுத் கரோலினாவின் சொந்த அரங்கில்தான். வீட்டில் கல்யாணம், வீட்டுக்காரருக்கே பத்திரிகை இல்லை. 1971-ல் சவுத் கரோலினா ஏசிசியை விட்டே வெளியேறியது. அதற்கு வேறு காரணங்களும் உண்டு.

இந்த ஸ்லோன்தான் 1974-ல் மறுபக்கம் நிற்கப்போகிறவர் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

ஸ்டேட்டின் கணக்கு

1972-73 பருவத்தில் ஸ்டேட் ஆடியது 27, ஜெயித்தது 27. தேசியப் போட்டிக்குப் போக முடியவில்லை. நட்சத்திர ஆட்டக்காரர் டேவிட் தாம்ப்சனைக் கல்லூரிக்குச் சேர்த்தபோது நடந்த விதிமீறல்களுக்காக என்சிஏஏ தடை போட்டிருந்தது. அந்த ஆண்டு ஏசிசி இறுதியிலும் ஸ்டேட்தான் மேரிலாந்தை வென்றது, 76-74. ஸ்டேட் போக முடியாததால் தோற்ற மேரிலாந்து தேசியப் போட்டிக்குப் போனது, மண்டல இறுதி வரை முன்னேறி பிராவிடன்ஸிடம் தோற்றது. 1973-ல் இறுதியில் தோற்றும் போனார்கள், 1974-ல் அதே இறுதியில், அதே அணியிடம் தோற்று வீட்டில் உட்கார்ந்தார்கள். இரண்டு ஆண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், தகுதி என்ற சொல்லுக்கு இந்த விதியில் என்ன இடம் இருந்தது என்பது தெரிந்துவிடும்.

1973-74-ல் தடை நீங்கியது. அணியோ முந்தைய ஆண்டைவிட வலுவாகவே இருந்தது. தாம்ப்சன் 6 அடி 4 அங்குலம், ஆனால் குதித்தால் 7 அடிக்காரர்களின் தலைக்கு மேல் கை போகும். டாம் பர்ல்சனின் உயரம் அணிப் பட்டியலில் 7 அடி 4 அங்குலம் (உண்மையில் இரண்டு அங்குலம் குறைவு என்பார்கள்). பந்தைக் கொண்டுவருகிற மான்டி டோ 5 அடி 7 அங்குலம். மூவரையும் வரிசையாக நிறுத்தினால் சர்க்கஸ் விளம்பரம் மாதிரி இருக்கும். டிம் ஸ்டாடர்ட் என்கிற நான்காமவர் பிற்பாடு பேஸ்பாலுக்குப் போய், 1983-ல் பால்டிமோர் அணியோடு, பேஸ்பாலின் பெரிய கோப்பையான வேர்ல்ட் சீரிஸை வென்றார்.

இந்த அணியின் முத்திரை ஆட்டம் ஒன்று உண்டு. டோ வளையத்துக்குப் பக்கத்தில் உயரமாக ஒரு பந்தைத் தூக்கிப் போடுவார், பார்ப்பவர்களுக்குக் கைதவறிப்போன பாஸ் மாதிரி தெரியும். தாம்ப்சன் எங்கிருந்தோ ஓடிவந்து எழும்பி, அந்தரத்திலேயே அதைப் பிடிப்பார். பிடித்தபின் ஓங்கி உள்ளே அடிக்க முடியாது, 1967 முதல் கல்லூரி ஆட்டத்தில் டங்க் தடை. ஆகவே அந்த உயரத்தில் தொங்கியபடி, கிணற்றில் மெல்ல வாளியை இறக்குவதுபோல், பந்தை வளையத்துக்குள் விட்டுவிட்டு இறங்குவார். ஓங்கி அடிப்பதைவிட இது கடினம். ஆலி-ஊப் என்கிற இந்த ஆட்டம் இன்று எல்லாப் பள்ளி மைதானத்திலும் நடக்கிறது, அதை ஒரு அணியின் அன்றாட ஆயுதமாகப் பழக்கியவர்களில் முக்கியமானவர்கள் இவர்கள்.

சீசனில் ஸ்டேட்டுக்கு விழுந்த அடி ஒன்றே ஒன்று. 1973 டிசம்பர் 15, செயின்ட் லூயிஸ் நகரில் யூசிஎல்ஏவிடம் 84-66. தொடர்ந்து 7 தேசியக் கோப்பை வாங்கியிருந்த அணி அது. கான்ஃபரன்ஸுக்குள் வந்தபின் ஸ்டேட் யாரிடமும் தோற்கவில்லை. 12-0.

மேரிலாந்தின் கணக்கு

ட்ரிசெல் 1969-ல் மேரிலாந்துக்கு வந்தபோதே, இதைக் கிழக்கின் யூசிஎல்ஏ ஆக்கிக் காட்டுகிறேன் என்று அறிவித்தவர். வாய்ச்சவடால் என்று சிரித்தவர்கள் 1974-ல் சிரிக்கவில்லை. டாம் மெக்மிலன், லென் எல்மோர், இரண்டாம் ஆண்டு மாணவர் ஜான் லூகஸ், மோ ஹவர்ட். மெக்மிலன் ரோட்ஸ் உதவித்தொகையில் ஆக்ஸ்ஃபோர்டு போய், பிறகு அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினரானவர். எல்மோர் ஹார்வர்டில் சட்டம் படித்தார். தொழில்முறை லீக்கான என்பிஏ 1976-ல் புது ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுத்தபோது முதலில் எடுக்கப்பட்டவர் லூகஸ். இன்னொரு ஒட்டு: மெக்மிலனும் எதிரணி பர்ல்சனும் 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் ஒரே அமெரிக்க அணியில் ஆடியவர்கள், சோவியத் அணியிடம் சர்ச்சைக்குரிய முறையில் தோற்று வெள்ளிப் பதக்கத்தை வாங்க மறுத்தவர்கள். கடைசி நொடிகளில் கைநழுவுவது எப்படி இருக்கும் என்பது இருவருக்கும் தெரியும்.

பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே மேரிலாந்து யூசிஎல்ஏவின் சொந்த அரங்கில் ஒரே புள்ளியில் தோற்றது, 65-64. ஜனவரி 13, அமெரிக்கக் கால்பந்தின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுல் நடக்கும் ஞாயிறு, ஸ்டேட்டின் சொந்த ஊர் ராலேயில் ஸ்டேட்டிடம் 80-74. தாம்ப்சன் மட்டும் 41. அதே மாதக் கடைசியில் சொந்த ஊர் காலேஜ் பார்க்கில் மறுபடி ஸ்டேட்டிடம் 86-80. நார்த் கரோலினாவிடம் ஒன்று. மீதி எல்லாம் வெற்றி. பருவம் முடிந்தபோது 23-5. அந்த 5 தோல்வியும் யூசிஎல்ஏ, ஸ்டேட், நார்த் கரோலினா என்ற 3 அணிகளிடம் மட்டும்.

இரண்டாம் இடத்துக்கான பந்தயமும் சுவையாகத்தான் போனது. மார்ச் 2, நார்த் கரோலினாவின் அரங்கில் டியூக் 86-78 என்று முன்னிலை, மிச்சமிருப்பது 17 விநாடி. பார்க்க வந்தவர்களில் சிலர் எழுந்து நடையைக் கட்டியிருப்பார்கள். மூன்று புள்ளி ஷாட் இல்லாத காலத்தில் 17 விநாடியில் 8 புள்ளி எப்படி எடுப்பது? நார்த் கரோலினா பயிற்சியாளர் டீன் ஸ்மித்தின் பையன்கள் எடுத்தார்கள். கடைசி 2 புள்ளி, முதலாண்டு மாணவர் வால்டர் டேவிஸ் ஏறக்குறைய 30 அடி தூரத்திலிருந்து எறிந்து, பலகையில் பட்டு உள்ளே விழுந்தது. கூடுதல் நேரத்தில் 96-92. அந்த மாயத்தால் நார்த் கரோலினாவும் மேரிலாந்தும் 9-3 என்று சமமாக முடித்தன. மற்றவை: வர்ஜீனியா 4-8, கிளெம்சனும் வேக் ஃபாரஸ்டும் 3-9, டியூக் 2-10.

பட்டியலைப் பார்த்தால் முதலிடத்துக்கும் அடுத்ததுக்கும் 3 ஆட்ட இடைவெளி. லீக்கை லீக்காக மதித்தால் கதை அங்கேயே முடிந்தது. சாம்பியன் யார் என்பதில் சந்தேகத்துக்கு இடமே இல்லை.

மூன்று நாள்

கிரீன்ஸ்பரோவில் நாக் அவுட். மேரிலாந்து வியாழன் டியூக்கை வென்றது. வெள்ளி நார்த் கரோலினாவை 105-85 என்று நசுக்கியது. ஸ்டேட் வியாழன் ஓய்வு, வெள்ளி வர்ஜீனியாவை 87-66. சனிக்கிழமை இறுதி: ஸ்டேட்டுக்கு இரண்டு நாளில் இரண்டாம் ஆட்டம், மேரிலாந்துக்கு மூன்று நாளில் மூன்றாம் ஆட்டம். நான் சொன்ன அந்த ஒரு ராத்திரி ஓய்வு என்ன பெறும் என்பது அன்று 40 நிமிடத்துக்குப் பிறகு தெரிந்திருக்கலாம்.

ஆனால் தொடக்கத்தில் களைப்பே தெரியாமல் ஓடியது மேரிலாந்துதான். 25-12. இடைவேளையில் 55-50. அன்று மேரிலாந்து எறிந்ததில் 61 சதவீதம் உள்ளே போனது. இந்த எண்ணை ஒரு தடவை நிதானமாகப் பாருங்கள். 100 புள்ளி, 61 சதவீதம், தோல்வி.

அதை ஈடுகட்டியது பர்ல்சன். அதற்கு ஒரு பின்கதை. முந்தைய ஆண்டுகளில் ஏசிசியின் சிறந்த ஐவரில் இடம்பிடித்திருந்த அவரை, அந்த ஆண்டு வாக்கெடுப்பு இரண்டாம் ஐவருக்குத் தள்ளிவிட்டது. அவர் இடத்தில் எல்மோர். அந்த எல்மோர்தான் அன்று எதிரே நின்றார். எல்மோர் நன்றாகவே ஆடினார், 18 புள்ளி, 13 ரீபவுண்ட் (குறிதவறித் திரும்பும் பந்தைப் பிடிப்பது). பர்ல்சனோ 25 முறை எறிந்து 18-ஐப் போட்டு, மொத்தம் 38 புள்ளி, 13 ரீபவுண்ட். தாம்ப்சன் 29. எல்லாரும் தாம்ப்சனின் அணி என்று சொல்லிக்கொண்டிருந்த அணியை அந்த இரவு தூக்கி நிறுத்தியவர் பர்ல்சன். வாக்குச்சீட்டுக்கு அவர் எழுதிய பதில் அது.

40 நிமிடம் முடிந்தபோது 97-97. கூடுதல் நேரம் 5 நிமிடம், ஆட்டம் சட்டென்று சுருங்கியது. அதுவரை மழையாகப் பொழிந்த புள்ளிகள் சொட்டு சொட்டாக விழுந்தன. ஷாட்டுக்குக் கால வரம்பு கிடையாது, பந்து கையில் இருப்பவன் அதை விட மனமில்லாமல் சுற்றிச் சுற்றி வருகிறான். மேரிலாந்து 100-99. பிறகு மாற்று ஆட்டக்காரர் ஃபில் ஸ்பென்ஸ் கூடைக்கடியில் பந்தை வாங்கிப் போட்டார், 101-100. இரண்டு நிமிடத்துக்கு மேல் மிச்சமிருந்தது. மேரிலாந்தால் அதற்குப் பிறகு ஒரு புள்ளி எடுக்க முடியவில்லை. கடைசியில் பந்தும் கைமாறியது. 6 விநாடி இருக்கும்போது, அரங்கிலேயே உயரம் குறைந்த ஆள் மான்டி டோ கோட்டில் நின்று இரண்டு ஃப்ரீ த்ரோவையும் போட்டார். 103-100.

45 நிமிடத்தில் இரு அணியும் சேர்ந்து 203 புள்ளி, மூன்று புள்ளிக் கோடு இல்லாமல். இரண்டு பருவங்களில் மேரிலாந்து ஸ்டேட்டோடு மோதியது 6 முறை, ஜெயித்தது ஒருமுறைகூட இல்லை.

ஸ்டேட் தோற்றிருந்தால்?

பெரும்பாலும் மேரிலாந்துக்கு நேர்ந்த அநியாயம் என்றே இதைப் பேசுகிறார்கள். எனக்கு அது பாதி உண்மையாகத்தான் படுகிறது. மேரிலாந்துக்கு நேர்ந்தது துரதிர்ஷ்டம். உண்மையில் கழுத்தில் கத்தி தொங்கியது ஸ்டேட்டுக்கு. டோவின் கை நடுங்கியிருந்தால், ஸ்பென்ஸ் போட்டது வளையத்தில் உருண்டு வெளியே விழுந்திருந்தால், 12-0 எடுத்த, நாட்டின் முதலிட அணி வீட்டுக்குப் போயிருக்கும். முந்தைய ஆண்டு 27-0, தடை. இந்த ஆண்டு 12-0, ஒரு சனிக்கிழமை. 1970-ல் சவுத் கரோலினாவுக்கு ஸ்லோன் செய்ததை, விதி ஸ்லோனுக்கே திருப்பிச் செய்திருக்கும்.

அப்படி நடந்திருந்தால் வரலாறே மாறியிருக்கக்கூடும். ஏனென்றால் இரண்டு வாரம் கழித்து, மார்ச் 23, அதே கிரீன்ஸ்பரோ அரங்கில் தேசிய அரையிறுதி. எதிரே பில் வால்டனின் யூசிஎல்ஏ. ஸ்டேட் இரண்டாம் கூடுதல் நேரத்தில் 7 புள்ளி பின்தங்கி, மீண்டு, 80-77 என்று ஜெயித்தது. யூசிஎல்ஏவின் 7 ஆண்டு ஆட்சி முடிந்தது. அடுத்த ஆண்டு கோப்பையை யூசிஎல்ஏ மறுபடி வாங்கியது, ஆக 1974 இல்லாவிட்டால் தொடர்ச்சியாக 9 என்று ஆகியிருக்கலாம். மார்ச் 25 இறுதியில் மார்க்கெட் பல்கலைக்கழகத்தை ஸ்டேட் 76-64 என்று வென்றது. இடையில் மண்டல இறுதியில் தாம்ப்சன் ஒருவர் தோளில் கால் இடறித் தலைகுப்புற விழுந்து, அரங்கமே உறைந்துபோய், 15 தையலோடு அன்றிரவே திரும்பி வந்து கையசைத்ததும் நடந்தது.

ஒரு விஷயத்தைச் சொல்லாமல் விட முடியவில்லை. ஏசிசி நாக் அவுட் கிரீன்ஸ்பரோவில். மண்டலச் சுற்று ராலேயில், ஸ்டேட்டின் சொந்த அரங்கில். தேசிய அரையிறுதியும் இறுதியும் மீண்டும் கிரீன்ஸ்பரோவில். அந்த மார்ச் முழுக்க ஸ்டேட் தன் மாநில எல்லையைத் தாண்டவே இல்லை. இதற்காக அவர்கள் கோப்பையை யாரும் குறைத்துப் பேச வேண்டாம், ஆனால் மேரிலாந்து அரிசியும் பருப்பும் கட்டிக்கொண்டு வந்து அடுத்த வீட்டு அடுப்பில் சமைக்க வேண்டியிருந்தது என்பதும் கணக்கில் வரட்டும்.

மேரிலாந்துக்கு என்ஐடி என்ற இன்னொரு போட்டியில் ஆட வழி இருந்தது. 1972-ல் அதை ஏற்கெனவே வென்றவர்கள் அவர்கள். வேண்டாம் என்றுவிட்டார்கள். நார்த் கரோலினா போனது, முதல் ஆட்டத்திலேயே பர்டூவிடம் தோற்றது.

விதி மாறியபின்

1975-ல் என்சிஏஏ தேசியப் போட்டியை 32 அணிகளாக விரித்தது. ஒரு கான்ஃபரன்ஸிலிருந்து சாம்பியனோடு இன்னொரு அணியையும் அழைக்கலாம் என்றானது. மார்ச் 9 ஆட்டம்தான் இதைச் செய்தது என்று சொல்லும் வழக்கம் இருக்கிறது. அது மிகை. 1971-ல் சதர்ன் கலிஃபோர்னியா 24-2 என்று முடித்தது, இரண்டு தோல்வியும் யூசிஎல்ஏவிடம், அதுவும் வீட்டில்தான் இருந்தது. 1974-லேயே இன்னொரு பக்கம், பிக் டென் கான்ஃபரன்ஸில் இந்தியானாவும் மிச்சிகனும் சமமாக முடித்து, ஒரே சீட்டுக்காகத் தனி ஆட்டம் ஆடி, இந்தியானா தோற்று வெளியே நின்றது. குறைகள் குவிந்துகிடந்தன. கிரீன்ஸ்பரோ ஆட்டம் அதற்கு ஒரு முகம் கொடுத்தது.

அந்த முதல் ஆண்டிலேயே புது விதி என்ன செய்தது என்பதைப் பாருங்கள். 1974-75 ஏசிசி லீக்கில் மேரிலாந்து 10-2, முதலிடம். ஸ்டேட்டும் நார்த் கரோலினாவும் 8-4. நாக் அவுட் அரையிறுதியில் மேரிலாந்து தோற்றது, தோற்கடித்தது வேறு யார், ஸ்டேட்தான். இறுதியில் ஸ்டேட்டை நார்த் கரோலினா 70-66 என்று வென்றது. நார்த் கரோலினா சாம்பியனாகப் போனது. இரண்டாவது அழைப்பு, லீக்கில் முதலிடம் பிடித்த மேரிலாந்துக்கு. அரையிறுதியோடு நின்ற அணி உள்ளே, இறுதி வரை வந்த அணி வெளியே. இம்முறை 12 ஆட்டத்துக்கு மதிப்பு இருந்தது.

தாம்ப்சனுக்கு அது கல்லூரியில் கடைசி ஆண்டு. அந்த மார்ச்சில் தேசியப் போட்டி நடந்தபோது அவர் வீட்டில் இருந்தார்.